அப்பத்தா பிறந்தநாளுக்கு என்ன கலந்து குடுக்கலாம்?

குழு: அப்பத்தா வீட்டுப் பிள்ளைகள்

வெள்ளி, இரவு 8:10

கவிதா: எல்லாருக்கும் வணக்கம். ஞாயித்துக்கிழமை சாயங்காலம் அஞ்சு மணிக்கு மொட்டை மாடில அப்பத்தாவோட 80வது பிறந்தநாள். இந்த வெயில்ல ஏறி வர்றவங்களுக்குக் காபி குடுத்தா யாரும் தொட மாட்டாங்க. அதனால மாக்டெயில் போடலாம்னு இருக்கேன். மொத்தம் 22 பேரு.

செல்வி அத்தை: நல்லதுத்தா. அது என்னது மாக்டெயிலு?

கவிதா: சோடா, கலரு (பாட்டில் கூல்டிரிங்க்), பழச்சாறு, சர்பத்து எல்லாம் கலந்து, ஐஸ் போட்டுக் குடுக்குறது அத்தை. சரக்கு ஒரு சொட்டு கூட இருக்காது.

செல்வி அத்தை: அப்ப பெரியார் பஸ் ஸ்டாண்டு பக்கம் வண்டில நன்னாரியும் எலுமிச்சையும் போட்டு சோடா ஊத்திக் குடுப்பாங்களே, அதுவும் அதுதான?

தினேஷ் அண்ணன்: அதே தான் அத்தை. நம்ம ஊர்ல பேரு வைக்காம ரொம்ப நாளா குடிச்சிட்டு இருக்கோம்.

கவிதா: தினேஷண்ணா, நீங்க ஹோட்டல்ல ஜூஸ் கவுண்டர்ல நின்னவரு. நீங்கதான் சொல்லணும். ஒரு வீடியோ அனுப்புறேன், பாருங்க. நீளமான காம்பு வச்ச கிளாஸ்ல, கீழ சிவப்பு, மேல வெள்ளையா அடுக்கு அடுக்கா நிக்குது. கிளாஸ் விளிம்புல சர்க்கரை ஒட்டியிருக்காங்க.

கவிதா: (வீடியோ 2:35)

தினேஷ் அண்ணன்: பாத்தேன். கவி, 1:40ல ஒரு சின்ன பாட்டில்ல இருந்து நாலு சொட்டு விடுறாங்க பாரு. அது அங்கோஸ்தூரா பிட்டர்ஸ், காக்டெயிலுக்கு விடுற கசப்புச் சாறு. அதுல 44.7 சதவீதம் ஆல்கஹால். இங்க விக்கிற விஸ்கியே 42.8 தான். சொட்டுக் கணக்குல விடுறதால சில பேரு அதை மாக்டெயில்னே சொல்லிடுறாங்க. நம்ம வீட்டுக்கு அது வேண்டாம்.

கவிதா: ஐயோ, எனக்குத் தெரியாதுண்ணா. தலைப்புல ஆல்கஹால் இல்லைன்னு தான் போட்டிருந்துச்சு.

கவிதா: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

பாண்டி மாமா: பெரியவங்களுக்கு மட்டும் அந்த ஆல்கஹால் இல்லாத பீரு நாலு டின் வாங்கிருவோமா?

தினேஷ் அண்ணன்: மாமா, அதுலயும் 0.0ன்னு போட்டது உண்டு, 0.5 வரைக்கும் இருக்குறதும் உண்டு. வேண்டாமே.

வெள்ளி, இரவு 8:52

சங்கர் சித்தப்பா: எல்லாம் படிச்சேன். யாரும் என்னை மனசுல வச்சுத் தயங்கித் தயங்கிப் பேச வேண்டாம். நானே சொல்லிடுறேன். நிறுத்திப் பதினோரு மாசம் ஆச்சு. டின்னு 0.0ன்னு இருந்தாலும் அந்த வாடையும் கசப்பும் எனக்கு ஆகாது.

சங்கர் சித்தப்பா: இன்னொண்ணு. கவிதா, நீ ஆசையாச் சொன்ன, தப்பா எடுத்துக்காத. அந்தக் காம்பு வச்ச கிளாஸ் கையில வந்தா எனக்கு நெனப்பு பழைய இடத்துக்குப் போயிடுது. கலரைக் கலரா, சர்பத்தை சர்பத்தா சாதா டம்ளர்ல குடுத்தா நானும் உங்களோட உக்காந்து நிம்மதியாக் குடிப்பேன். எனக்கு மட்டும் தனி டம்ளர்னு வேண்டாம்.

செல்வி அத்தை: சங்கரு, நீ சொன்னதே பெருசுடா. அம்மா வீட்டு எவர்சில்வர் டம்ளர் 25 பரண்ல இருக்கு. நாளைக்கே எறக்கிப் புளி போட்டு வெளக்கி வைக்கிறேன்.

பாண்டி மாமா: மாப்ள, நான் யோசிக்காமச் சொல்லிட்டேன். மனசுல வச்சுக்காத. பீரு பேச்சே கிடையாது.

சங்கர் சித்தப்பா: அட விடுங்க மச்சான்.

கவிதா: சித்தப்பா, எல்லாருக்கும் டம்ளர் தான். அடுக்கு தெரியாட்டி என்ன, ருசி இருந்தாப் போதும்.

தினேஷ் அண்ணன்: ஒண்ணு சொல்லவா? எவர்சில்வர் சீக்கிரம் சில்லுன்னு ஆயிடும். உதட்டுல பட்டதுமே குளிர்ச்சி தெரியும். மொட்டை மாடிக்கு அதுதான் சரி. அத்தை, பித்தளை டம்ளரை மட்டும் எறக்கிடாதீங்க. எலுமிச்சைப் புளிப்புக்குப் பித்தளை ஆகாது.

செல்வி அத்தை: அது எனக்குத் தெரியாதாடா. அம்மா அதுல மோரு கூட ஊத்த விடாது.

சனி, காலை 9:30

கவிதா: அண்ணா, இப்ப எப்படிச் செய்யணும்னு சொல்லுங்க. சாமான் வாங்கக் கிளம்புறேன்.

தினேஷ் அண்ணன்: நாலு அஞ்சு வகை வேண்டாம். நன்னாரி தான் முக்கியம். பாதிக்கு மேல அதுவே போகும். ஒரு டம்ளருக்கு நன்னாரி சர்பத் ரெண்டு மேஜைக்கரண்டி, அதாவது 30 மில்லி. அரை மூடி எலுமிச்சை. ஊற வச்ச சப்ஜா ஒரு ஸ்பூன். டம்ளர்ல பாதிக்கு ஐஸ். மேல வெறும் சோடா. சர்க்கரை போடாத, சர்பத்துலயே பாகு இருக்கு. அந்த 30 மில்லிக்கு மேல போனா வேர் வாசனை போயி வெறும் இனிப்பு தான் நிக்கும்.

தினேஷ் அண்ணன்: கடையில நன்னாரி வாங்கும்போது பாட்டில்ல என்ன போட்டிருக்குன்னு படி. வேர்ச் சாறா, எசன்ஸான்னு பாரு. வேர்ல எடுத்ததுன்னா அந்த மண் வாசனையே வேற.

கவிதா: சரிண்ணா. நன்னாரி மட்டும் 24 டம்ளர்னு வச்சா 720 மில்லி சர்பத். 750 மில்லி பாட்டில் ஒண்ணு போதும். சோடா?

தினேஷ் அண்ணன்: எல்லா வகையும் சேத்து ஆளுக்கு ரெண்டுன்னா 44 டம்ளர். ஐஸ் போக ஒரு டம்ளருக்கு 120 மில்லி புடிக்கும். எல்லாம் சேத்து அஞ்சே கால் லிட்டர் வரும். பெரிய பாட்டிலா வாங்காத. தொறந்து வச்சா கடைசி டம்ளருக்கு வரும்போது கேஸ் போயிருக்கும். 600 மில்லி பாட்டில் பத்து வாங்கு. அஞ்சு வெறும் சோடா, மூணு பொவண்டோ, ரெண்டு ஸ்ப்ரைட்.

பாண்டி மாமா: பொவண்டோ எதுக்கு, தனியா நிக்கிற சாமானாச்சே? அதைப் போய் எதோட கலக்க?

தினேஷ் அண்ணன்: கெடுக்க மாட்டேன் மாமா. இஞ்சிச் சாறு அரை ஸ்பூன், எலுமிச்சை கால் மூடி, அவ்வளவு தான். திராட்சை வாசனையும் இஞ்சிக் காரமும் சேரும்போது குடிச்சுப் பாருங்க. இஞ்சியை அரைச்சுப் பிழிஞ்சு பத்து நிமிஷம் அசைக்காம வைக்கணும். அடியில வெள்ளையா மாவு தங்கும். மேல தெளிஞ்சதை மட்டும் எடுக்கணும்.

சங்கர் சித்தப்பா: பொவண்டோ போடுற காளி மார்க் கம்பெனி 1916ல விருதுநகர்ல ஆரம்பிச்சது. அம்மா அந்த ஊர்ப் பொண்ணு. அவங்களுக்கு முதல் டம்ளர் அதையே குடுங்க.

செல்வி அத்தை: எனக்கு சுகர் இருக்கே தம்பிகளா.

தினேஷ் அண்ணன்: உங்களுக்குத் தனியா வச்சிருக்கேன் அத்தை. 300 மில்லி கோலாவுல 30 கிராமுக்கு மேல சர்க்கரை இருக்கு, நன்னாரி சர்பத்தும் பாகு தான். ரெண்டும் வேண்டாம். வெறும் சோடா, அரை மூடி எலுமிச்சை, உப்பு, தட்டுன இஞ்சி, புதினா. உப்பைக் கடைசில போடாதீங்க, சோடாவுல உப்பு விழுந்த உடனே நுரை பொங்கி டம்ளருக்கு வெளிய வந்துடும். எலுமிச்சைச் சாறுல உப்பைக் கரைச்சிட்டு அப்புறம் சோடா ஊத்தணும்.

கவிதா: புதினா, ஸ்ப்ரைட் எப்படி?

தினேஷ் அண்ணன்: அது பொடிசுங்களுக்கு. புதினாவ மிக்ஸில அடிக்காத, இடிக்கவும் செய்யாத, கசந்துடும். எட்டு இலையை உள்ளங்கையில வச்சு இன்னொரு கையால ஒரு தட்டு தட்டுனா வாசனை எறங்கும். எலுமிச்சை, ஐஸ், ஸ்ப்ரைட். சர்க்கரை தேவையே இல்லை.

பாண்டி மாமா: ரோஸ்மில்க்ல சோடா ஊத்துனா?

தினேஷ் அண்ணன்: வெறும் சோடான்னா திரியாது மாமா, எலுமிச்சை பட்டாத் திரிஞ்சுடும். புளிப்பு இருக்குறது எதுலயும் பால் வேண்டாம்.

தினேஷ் அண்ணன்: கவி, எல்லாத்தையும் விட முக்கியமான விஷயம். சோடா, சர்பத்து, டம்ளர் எல்லாம் காலைல இருந்தே ஃபிரிட்ஜ்ல இருக்கணும். குளிர்ந்த சோடாவுல தான் கேஸ் தங்கும். சூடான சோடாவ ஐஸ் மேல ஊத்துனா நுரையா எல்லாம் போயிடும், ஐஸும் கரைஞ்சு தண்ணியாயிடும். டம்ளரைச் சாய்ச்சு ஓரமா ஊத்து. சோடா ஊத்துனப்புறம் ஒரே ஒரு தடவை கரண்டியால அடியில இருந்து தூக்கு. கலக்கக் கூடாது. ஜாடில மொத்தமாக் கலந்து வைக்கவும் கூடாது. வர்றவங்களுக்கு அப்பப்பப் போட்டுக் குடுக்கணும்.

கவிதா: அப்ப நான் மாடியிலயே நிக்கணும்.

சங்கர் சித்தப்பா: நீ ஏன் நிக்கணும். உன் அப்பத்தா பக்கத்துல உக்காரு. நான் நிக்கிறேன். தினேஷு ஒரு தடவை காட்டுனாப் போதும்.

தினேஷ் அண்ணன்: நிச்சயமா சித்தப்பா. இன்னைக்கு ராத்திரி வாங்க, ஒரு தடவை போட்டுப் பாத்துடுவோம்.

சனி, இரவு 9:45

தினேஷ் அண்ணன்: (படம்)

தினேஷ் அண்ணன்: சித்தப்பா போட்ட நன்னாரி. என்னை விட நல்லா ஊத்துறாரு. எலுமிச்சை மட்டும் கொஞ்சம் கூட. பழத்தைப் பொறுத்து அரை மூடில முக்கால் பங்கு மட்டும் பிழிஞ்சுக்கலாம்.

சங்கர் சித்தப்பா: தோலோட அழுத்திப் பிழிஞ்சிட்டேன், கசப்பு எறங்கிடுச்சு. நாளைக்கு மெதுவாப் பிழியுறேன். சப்ஜாவ நாலரைக்கே ஊறப் போடணும், 20 நிமிஷம் ஆகுது.

செல்வி அத்தை: அம்மாட்ட சொன்னேன். ஐஸ் வேண்டாமாம், பல்லு கூசுமாம். ஃபிரிட்ஜ்ல வச்ச பொவண்டோ மட்டும், இஞ்சியெல்லாம் போடாம, பாட்டில்ல இருந்து நேரா ஊத்தணுமாம்.

சங்கர் சித்தப்பா: சரிக்கா. அவங்க பாட்டிலத் தனியா எடுத்து வச்சிடுறேன். ஐஸ் கட்டி அஞ்சு கிலோ நான் வாங்கிட்டு வந்துடுறேன், நாலு மணிக்கு வீட்டுல இருப்பேன்.

கவிதா: சித்தப்பா, டம்ளர் எல்லாம் ஃபிரிட்ஜ்ல அடுக்கிட்டேன். 25ல ஒண்ணுல மட்டும் உங்க பேரு வெட்டியிருக்கு.

சங்கர் சித்தப்பா: என் காதுகுத்துக்கு வாங்குனதும்மா அது. இன்னும் இருக்கா.