ஜாஸ் காலம் இனச் சுவரைத் தளர்த்தியதா?

தெருவிளக்கு:
1920களின் அமெரிக்காவில் கறுப்பினத்தாரையும் வெள்ளையரையும் சட்டமும் வழக்கமும் பிரித்து வைத்திருந்தபோது, இருவரையும் ஒரே தாளத்துக்கு ஆட வைத்தது ஜாஸ் இசைதான் என்பது என் கருத்து. 1920இல் வாக்குரிமை பெற்ற பெண்கள் கூந்தலைக் குட்டையாக வெட்டிக்கொண்டு நடன அரங்குகளுக்குச் சென்றதும் இதே மாற்றத்தின் மறுபக்கம்.

பழுப்பேடு:
சுவர் எங்கே தளர்ந்தது, நண்பரே? நியூயார்க்கில் கறுப்பினத்தார் பெருமளவில் வாழ்ந்த ஹார்லெம் பகுதியில், கள்ளச்சாராய வணிகர் ஓனி மேடன் நடத்திய காட்டன் கிளப்பைப் பாருங்கள். மேடையில் கறுப்பினக் கலைஞர்கள். மேசைகளில் வெள்ளையர் மட்டும். 1927 டிசம்பரில் அங்கே வாசிக்கத் தொடங்கிய கறுப்பின ஜாஸ் கலைஞர் டியூக் எல்லிங்டனின் இசை வானொலி வழியாக நாடெங்கும் போய்ச் சேர்ந்தது. ஆனால் அந்தத் தெருவிலேயே குடியிருந்த கறுப்பினத்தவர் பணம் வைத்திருந்தாலும் பார்வையாளராக உள்ளே போக முடியவில்லை. நடனப் பெண்களைக்கூட நிறம் பார்த்தே சேர்த்தார்கள். அடிமைக்காலத் தோட்டப் பண்ணையை நினைவூட்டும் அலங்காரத்தின் நடுவே அவர்களை ஆடவிட்டதை எந்தக் கணக்கில் சேர்ப்பது? நீங்கள் குறிப்பிட்ட வாக்குரிமையும் அப்படித்தான்: தென்மாநிலங்களின் கறுப்பினப் பெண்களில் பெரும்பாலோரை வாக்குவரியும் எழுத்தறிவுத் தேர்வும் மிரட்டலும் வாக்குச்சாவடியை நெருங்க விடவில்லை.

தெருவிளக்கு:
காட்டன் கிளப்பைப் பற்றி நீங்கள் சொல்வதை மறுக்கவில்லை. ஆயினும் அதே லெனாக்ஸ் அவென்யூவில், நடந்தே போகும் தொலைவில், 1926இல் திறந்த சவாய் நடன அரங்கில் இரு இனத்தாரும் ஒரே தரையில் ஆடினார்கள். அங்கே மதிப்பு ஆட்டத்துக்குத்தான். 1920இல் கறுப்பினப் பாடகி மேமி ஸ்மித் பாடிய புளூஸ் இசைத்தட்டைக் கறுப்பினத்தார் பெருமளவில் வாங்கிய பிறகே, இசைத்தட்டு நிறுவனங்கள் அவர்களை வாடிக்கையாளர்களாக எண்ணத் தொடங்கின.

பழுப்பேடு:
எண்ணத் தொடங்கின, உண்மைதான். ஆனால் அவர்களுக்கான இசைத்தட்டுகளை 'இனத் தட்டுகள்' என்று தனிப் பட்டியலில் ஒதுக்கிவிட்டன. சவாயை ஏற்கிறேன், அது ஓர் அரங்கு. 1925 ஆகஸ்டில் வெள்ளையின மேலாதிக்கம் பேசிய கு கிளக்ஸ் கிளான் அமைப்பினர் ஆயிரக்கணக்கில் வாஷிங்டன் வீதிகளில் அணிவகுத்ததும் அதே ஜாஸ் காலத்தில்தான்.

ஓரத்து வாசகி:
இருவரும் மதுவை மறந்துவிட்டீர்கள். மதுவிலக்குக்கு முன் சாராயக்கடை பெரும்பாலும் ஆண்களின் இடம். 1920 ஜனவரியில் அதைச் சட்டம் மூடியபின் முளைத்த கள்ள விடுதிகளில், பெண்களும் ஆண்களுடன் அமர்ந்து குடித்தார்கள். கூட்டத்தை இழுக்க இசைக்குழுக்கள் தேவைப்பட்டன. ஒழுக்கத்தைக் காக்க வந்த சட்டமே ஜாஸ் கலைஞர்கள் பலருக்குச் சம்பளம் தேடித் தந்தது என்பதையும் நீங்கள் இருவரும் கணக்கில் கொள்ள வேண்டும்.