கட்டடத்தைத் தேர்தலுக்கு எடுத்தால்: சாவி கொடுப்பது முதல் வாடகை வாங்குவது வரை

பள்ளி நிர்வாகி:
வி.ஏ.ஓ. வந்து "ரெண்டு ரூம் வேணும் சார்" என்று சொல்லிவிட்டுப் போவது ஆணை ஆகாது. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1951, பிரிவு 160இன்படி உரிமையாளர் பெயருக்கோ, இடம் யார் வசம் இருக்கிறதோ அவர் பெயருக்கோ எழுத்து மூலம் ஆணை வர வேண்டும். எந்த அறைகள், எந்தத் தேதியிலிருந்து என்று அதில் இருக்கிறதா பாருங்கள். "பள்ளி வளாகம்" என்று மொட்டையாகப் போட்டிருந்தால் ஆய்வகமும் அலுவலக அறையும் சேர்ந்தே போய்விடும். அந்தப் பிரிவு இடத்துக்குச் சொல்லும் காரணம் இரண்டுதான்: வாக்குச்சாவடி, வாக்குப்பதிவுக்குப் பிறகு வாக்குப் பெட்டிகளை வைப்பது. பயிற்சி வகுப்புக்கு ஹால் கேட்டால் அதை வேண்டுகோளாக எடுத்துக்கொண்டு, மின் கட்டணம் யார் பொறுப்பு என்று அப்போதே பேசிவிடுங்கள். முறையான ஆணையை மீறினால் பிரிவு 167: ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும்.

தேர்தல் பிரிவில் வேலை பார்த்தவர்:
எடுத்தவுடன் தனியார் கட்டடத்துக்கு யாரும் வருவதில்லை. அரசுக் கட்டடம் கிடைக்காத இடத்தில்தான் வருவார்கள். வாக்குச்சாவடிக்கு அவர்கள் பார்ப்பது: 20 சதுர மீட்டர் அறை, தரைத்தளம், உள்ளே போக ஒரு வழி, வெளியே வர ஒரு வழி. 200 மீட்டருக்குள் கட்சி அலுவலகம் இருந்தாலோ, உரிமையாளரே வேட்பாளராகவோ கட்சிக்காரராகவோ இருந்தாலோ அந்த இடம் கழிந்துவிடும். வாக்குப்பதிவுக்கு 24 மணி நேரம் முன்பாவது ஒப்படைக்க வேண்டும். அதன் பிறகு உங்கள் வாட்ச்மேனுக்கும் அங்கே இடமில்லை. மோட்டார் ரூம் சாவி அவர் இடுப்பிலேயே போய்விட, கழிவறையில் தண்ணீர் வராமல் மறுநாள் மண்டல அலுவலர் அலைவார். சாவிக்கொத்தோடு, எந்த ஸ்விட்ச் எதற்கு என்று ஒரு தாளும் எழுதிக் கொடுங்கள்.

கல்லூரிக் கட்டடப் பராமரிப்பாளர்:
வாக்குச்சாவடி இரண்டு நாள் தொல்லை. ஸ்ட்ராங் ரூம், அதாவது வாக்குப்பதிவான இயந்திரங்களை எண்ணும் நாள் வரை பூட்டி வைக்கும் அறை, அப்படியல்ல. தமிழ்நாட்டில் 2021இல் ஏப்ரல் 6 வாக்குப்பதிவு, மே 2 எண்ணிக்கை. 2024இல் ஏப்ரல் 19 முடிந்து ஜூன் 4 வரை 46 நாள். அத்தனை நாளும் அந்தத் தளத்துப் பக்கமே போக முடியாது. ஒரே ஒரு கதவுதான் இருக்கலாம். மற்ற கதவு, ஜன்னல்களை அடைத்துவிடுவார்கள், உள்ளே மின் இணைப்பையும் துண்டிப்பார்கள். அதே லைனில் சர்வரோ ஆய்வக ஃபிரிட்ஜோ இருந்தால் அதுவும் நின்றுபோகும். எலக்ட்ரீஷியனை வைத்து முன்கூட்டியே லைனைப் பிரித்துவிடுங்கள். செமஸ்டர் விடைத்தாள், சான்றிதழ், ரசாயனம் எல்லாவற்றையும் ஒப்படைக்கும் முன்பே வெளியே எடுத்துவிட வேண்டும். சீல் வைத்த பிறகு கெஞ்சிப் பயனில்லை. அடைத்த செங்கலை இடித்துப் பூசித் தருவது யார் என்பதையும் முதலிலேயே எழுதி வாங்குங்கள், பின்னால் கேட்டால் ஆளுக்கொரு பக்கம் கைகாட்டுவார்கள்.

பள்ளி நிர்வாகி:
பணத்துக்கு வருவோம். பிரிவு 161இல் இழப்பீடு உண்டு. வாடகைக் கட்டடமானால் அந்த வாடகை, இல்லையென்றால் அதே பகுதியில் அதுபோன்ற இடத்தின் வாடகை. வீட்டையோ கடையையோ காலி செய்ய நேர்ந்தால் நியாயமான இடமாற்றச் செலவும் கேட்கலாம். தொகை போதாதென்றால் 14 நாளுக்குள் நடுவருக்கு அனுப்பக் கோரி மனு கொடுக்க வேண்டும். உடைந்த டைல்ஸ், பெஞ்சு பற்றி அந்தப் பிரிவில் தனியாக எதுவும் கிடையாது. அதனால் கொடுக்கும் நாளிலும் திரும்ப வாங்கும் நாளிலும் அறைவாரியாகப் பட்டியல், தேதியோடு படம், வருவாய்த்துறை அலுவலரின் கையெழுத்து, மின் மீட்டர் ரீடிங் நான்கும் கையில் இருக்கட்டும். சாவி திரும்பி வந்தாலும், விடுவித்ததாக எழுத்து வராதவரை வாடகைக் கணக்கை முடிக்காதீர்கள்.