ஒஹ்தானியை நம்பிய மனிதர்: சப்போரோவிலிருந்து நான் பார்த்த குரியாமா

ஜப்பானில் பேஸ்பால் பார்த்த அனுபவம் என்றால் நம்மவர்களில் பெரும்பாலானோர் அமெரிக்கா சென்று உலகப் புகழ்பெற்ற ஷோஹேய் ஒஹ்தானியில்தான் தொடங்குகிறார்கள். அவரைப் பற்றிப் பேச ஆயிரம் பேர் இருக்கிறார்கள். ஹொக்கைடோவில் வேலை பார்க்கும் எனக்கு, ஊரே கைவிரித்தபோது அவரை நம்பிய ஹிதேகி குரியாமாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். 2023 உலக பேஸ்பால் கிளாசிக் போட்டியில் ஜப்பானுக்குக் கோப்பை வாங்கித் தந்த தேசிய அணி மேலாளர் (பேஸ்பாலில் களத்தில் அணியை நடத்தும் தலைமைப் பயிற்சியாளர்) அவர். 2024 தொடக்கத்திலிருந்து ஹொக்கைடோ நிப்பான்-ஹாம் ஃபைட்டர்ஸ் கிளப்பின் தலைமை பேஸ்பால் அதிகாரி.

அவரோடு நான் பேசியதில்லை. பார்த்ததெல்லாம் பார்வையாளர் வரிசையிலிருந்துதான். அதில் மறக்க முடியாதது, 2021 அக்டோபர் இறுதியில் சப்போரோ டோமில் நடந்த ஆட்டம். பத்து சீசன்கள் ஃபைட்டர்ஸை நடத்திவிட்டு அவர் விடைபெற்ற சமயம். கொரோனா கட்டுப்பாடு இருந்ததால் கத்தக் கூடாது, பாடக் கூடாது, கைதட்ட மட்டுமே அனுமதி. என் பக்கத்து இருக்கையில் எங்கள் குடியிருப்பில் வசிக்கும் மூதாட்டி. 2004இல் அணி டோக்கியோவிலிருந்து சப்போரோவுக்குக் குடிபெயர்ந்தது முதல் அதன் ரசிகை. 2019, 2020, 2021 என்று மூன்று ஆண்டுகளும் ஆறு அணிகளில் ஐந்தாவது இடம். அந்த மூன்று ஆண்டுகளும் அவர் குரியாமாவைத் திட்டித் தீர்த்திருக்கிறார். அன்று குரியாமா தொப்பியைக் கழற்றித் தலை வணங்கியபோது, முகக்கவசம் நனைய அழுதபடி உள்ளங்கை சிவக்கத் தட்டிக்கொண்டே இருந்தார். திட்டிய வாயும் தட்டிய கையும் ஒருவருடையதுதானா என்று எனக்கு வியப்பாக இருந்தது. வீட்டுக்குப் போய் அவரைப் பற்றித் தேடிப் படிக்கத் தொடங்கினேன்.

விளையாட்டு வீரராக அவர் பெரிய ஆள் இல்லை. ஆசிரியர் பயிற்சிக்குப் பேர்போன டோக்கியோ ககுகேய் பல்கலைக்கழகத்தில் படித்தவர். எந்த அணியும் முறைப்படி தேர்ந்தெடுக்காத நிலையில் யாகுல்ட் ஸ்வாலோஸில் எப்படியோ இடம்பிடித்தார். தலைசுற்றலில் தள்ளிவிடும் மெனியர் நோய் அவரை வாட்டியது. அதோடு போராடிக்கொண்டே 1989இல் சிறந்த பீல்டருக்கான கோல்டன் கிளவ் விருது வாங்கி, 1990இல் 29 வயதில் ஓய்வு பெற்றுவிட்டார். பிறகு தொலைக்காட்சி வர்ணனை, எழுத்து, பல்கலைக்கழகப் பேராசிரியர் வேலை. உதவிப் பயிற்சியாளராகக்கூட இருந்திராத அவரை ஃபைட்டர்ஸ் 2012இல் நேரடியாக மேலாளர் ஆக்கியது. முதல் ஆண்டிலேயே, ஜப்பானின் இரு லீக்குகளில் ஒன்றான பசிபிக் லீக் பட்டத்தை வென்றார்.

அந்த இலையுதிர் காலத்தில்தான் ஒஹ்தானி விவகாரம். பள்ளி மாணவரான ஒஹ்தானி, நேராக அமெரிக்காவுக்குப் போகிறேன் என்று அறிவித்துவிட்டார். அணிகள் சுற்றுச் சுற்றாகப் புதிய வீரர்களை எடுக்கும் ஆண்டுத் தேர்வில், வர மாட்டேன் என்றவரைத் தேர்ந்தெடுத்தால் முதல் சுற்று வாய்ப்பே வீணாகிவிடும் என்று மற்ற அணிகள் ஒதுங்கின. ஃபைட்டர்ஸ் துணிந்து தேர்ந்தெடுத்தது. சிறு வயதிலேயே அயல்நாடு போன வீரர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதை ஆராய்ந்து ஓர் அறிக்கை தயாரித்து அவருடைய குடும்பத்தின் முன் வைத்தார்கள். பந்து வீசவும் வேண்டும், மட்டை பிடிக்கவும் வேண்டும் என்ற அவருடைய ஆசைக்கு, இரண்டையும் செய் என்று சொன்னார்கள். இரண்டும் நடக்காது, பையனைக் கெடுக்கிறார்கள் என்று பழைய ஜாம்பவான்கள் பலர் சாடினார்கள். அத்தனையையும் முன்னால் நின்று வாங்கிக்கொண்டவர் குரியாமா.

2016இல் அதற்கு விடை கிடைத்தது. சாஃப்ட்பேங்க் அணி 11.5 ஆட்டங்கள் முன்னிலையில் இருந்தது. ஜூலையில் அதே அணிக்கு எதிராக, அன்று பந்து வீச வேண்டிய ஒஹ்தானியையே முதல் பேட்டராகவும் களமிறக்கினார் குரியாமா. ஆட்டத்தின் முதல் பந்தே ஹோம் ரன். அந்த ஆண்டு ஃபைட்டர்ஸ் சாஃப்ட்பேங்கைத் துரத்திப் பிடித்து, ஹிரோஷிமாவை வீழ்த்தி ஜப்பான் சாம்பியன் ஆனது.

கடைசி மூன்று ஆண்டுகளின் தோல்விக்கு அவர் பொறுப்பில்லை என்று நான் வாதாட வரவில்லை. இன்னும் கொஞ்சம் பொறுத்தால் பையன் எழுந்துவிடுவான் என்று காத்திருந்து காத்திருந்து ஆட்டங்களை இழந்தார் என்பது உண்மை. கோதாரோ கியோமியா பெரும் எதிர்பார்ப்போடு வந்து, காயங்களால் தடுமாறி, 2021இல் முதன்மை அணியிலேயே இடம் இல்லாமல் போனவர். மூதாட்டிக்கு அவர் பெயரைக் கேட்டாலே கோபம் வரும். 2024இல், குரியாமாவுக்குப் பின் மேலாளரான ஷின்ஜோவின் தலைமையில் ஃபைட்டர்ஸ் இரண்டாம் இடத்துக்கு ஏறியபோது அதே கியோமியாதான் மைய வீரர்களில் ஒருவர். அறுவடை செய்தது ஷின்ஜோ. விதைத்தவருக்கும் அதில் பங்கு உண்டு என்று நான் அடித்துச் சொல்வேன்.

2023 உலகக் கிளாசிக் டிக்கெட் எனக்குக் கிடைக்கவில்லை. மெக்சிகோவுடனான அரையிறுதி ஜப்பான் நேரப்படி மார்ச் 21 காலையில் நடந்தது. விடுமுறை நாள் என்பதால் மூதாட்டி வீட்டுத் தொலைக்காட்சியில் பார்த்தோம். கடைசி இன்னிங்ஸ், 4-5 என்று ஜப்பான் பின்தங்கியிருக்கிறது. ஒஹ்தானி இரண்டாவது பேஸுக்கு ஓடி இரு கைகளையும் உயர்த்தித் தன் அணியை நோக்கிக் கத்துகிறார். முதல் பேஸுக்குப் போன யோஷிதாவுக்குப் பதிலாக ஓட ஷூதோ நிற்கிறார். அடுத்து முராகாமி. 2022இல் 56 ஹோம் ரன் அடித்தவர்; அன்றோ பந்தை அடிக்க முடியாமல் மூன்று முறை ஸ்ட்ரைக்அவுட் ஆகி நொந்து போயிருந்தார். ஜப்பானிய வழக்கப்படி இங்கே பந்தை மெல்லத் தட்டிவிட்டு ஓடுபவர்களை நகர்த்தலாம். அதற்கு மாற்று வீரரும் தயாராக இருந்தார். “தட்டச் சொல்லு, தட்டச் சொல்லு” என்று மூதாட்டி திரையைப் பார்த்துக் கெஞ்சினார். உன்னிடமே விட்டுவிட்டேன், அடி என்று பயிற்சியாளர் ஒருவர் மூலம் குரியாமா சொல்லி அனுப்பியிருக்கிறார். முராகாமி அடித்த பந்து மைதானத்தின் ஆழத்தில் சுவரில் மோத, இருவரும் ஓடி வந்துவிட்டார்கள். 6-5. மறுநாள் இறுதியாட்டத்தில் அமெரிக்காவை 3-2 என்று வென்றதும், கடைசிப் பந்தில் ஒஹ்தானி அமெரிக்க நட்சத்திரம் மைக் டிரவுட்டை வீழ்த்தியதும் உலகம் அறிந்தது. என்னைக் கேட்டால் கோப்பை அந்த முராகாமி முடிவிலேயே கைக்கு வந்துவிட்டது.

அத்தோடு அவர் தேசிய அணிப் பொறுப்பிலிருந்து விலகினார். இவ்வளவு புகழோடு வர்ணனையிலும் மேடைப் பேச்சிலும் சொகுசாகக் காலம் தள்ளியிருக்கலாம். பழைய கிளப்புக்கே நிர்வாகியாகத் திரும்பினார். மேலாளருக்கு அன்றைய ஆட்டம் முக்கியம். நிர்வாகி ஐந்தாறு ஆண்டு தள்ளி யோசிக்க வேண்டும். காத்திருப்பதற்காகத் திட்டு வாங்கியவருக்கு, காத்திருப்பதே வேலையாக அமைந்தது எனக்கு மிகவும் பொருத்தமாகப் படுகிறது.

சப்போரோவுக்கும் விமான நிலையத்துக்கும் இடையே கித்தாஹிரோஷிமாவில் 2023இல் திறந்த எஸ்கான் பீல்டுக்குப் போகிறவர்கள், இடப்புறம் இருக்கும் ‘டவர் லெவன்’ கட்டடத்தில் டார்விஷ், ஒஹ்தானி ஓவியங்களைப் பாருங்கள். இருவரும் ஃபைட்டர்ஸில் அணிந்தது 11ஆம் எண். நேரம் இருந்தால் குரியாமா என்ற அவர் பெயரையே கொண்ட ஊருக்கும் ஒரு நடை போய்வரலாம். சிறுவர்கள் விளையாட 2002இல் அங்கே ஒரு புல்தரை மைதானத்தை அவர் அமைத்தார், வசிப்பதும் அங்கேதான். நான் போன கோடை நாளில் வேலிக்கு அந்தப் பக்கம் புல் அப்போதுதான் வெட்டிய வாசனையோடு இருந்தது. வெட்டியவர் யார் என்று கேட்க ஆள் இல்லை.

2024 வீரர் தேர்வில் ஃபைட்டர்ஸ் முதல் சுற்றில் எடுத்த ரெயோ ஷிபாதா, பந்தும் வீசி மட்டையும் பிடிக்கும் வீரர், அப்போது பள்ளி மாணவர். இந்த முறை கேலி செய்ய யாரும் இல்லை. அவரைப் போன்ற இளம் வீரர்கள் ஆடும் இரண்டாம் நிலை அணியின் மைதானம் சிபா மாநிலத்தின் கமகாயாவில் இருக்கிறது. டோக்கியோ பக்கம் இருப்பவர்கள் பார்த்துவிட்டு வந்து சொல்லுங்கள். மூதாட்டி இப்போதே அவர் மட்டை பிடிக்கும் விதத்தில் குறை கண்டுபிடிக்கத் தொடங்கிவிட்டார்.