எக்ஸ் சர்வீஸ்மேன் செக்யூரிட்டி வேலை: சம்பளம், பி.எஃப் பிரச்சனை, விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க

வணக்கம் அண்ணே, அக்கா எல்லாருக்கும். எங்கப்பா ஆர்மில ஹவில்தாரா இருந்து ரிட்டயர் ஆனவரு, உசிலம்பட்டி பக்கம் ஊரு. இப்ப மதுரைல ஒரு மத்திய அரசு ஆபீஸ்ல ஏஜென்சி மூலமா செக்யூரிட்டியா இருக்காரு, கூட இருக்கவங்களும் பட்டாளத்துக்காரங்கதான். டிஜிஆர் (ரிட்டயர் ஆன பட்டாளத்துக்காரங்களுக்கு மறுவேலைக்கு வழி பண்ற பாதுகாப்பு அமைச்சக அலுவலகம்) சொல்ற சம்பள ரேட்டுன்னு சொல்லித்தான் காண்ட்ராக்ட் எடுத்துருக்காங்க, ஆனா அக்கவுண்ட்ல முழு சம்பளத்தையும் போட்டுட்டு மறுநாளே சூப்பர்வைசர் வந்து ஒரு பங்க ரொக்கமா திருப்பி வாங்கிட்டுப் போயிர்றாரு, குடுக்கலேன்னா தொடர்ந்து நைட் டூட்டி, இல்லேன்னா மேலூர் பக்கம் தூக்கிப் போட்டுர்றாங்க. 12 மணி நேரம் நிக்கிறாங்க, ஓ.டி கிடையாது. கேட்டா "அதான் பென்ஷன் வருதுல்ல"ங்கறாங்க. பென்ஷன் அவரு எல்லைல நின்னதுக்கு, இது இங்க கேட்ல நிக்கிறதுக்கு, ரெண்டும் எப்படிங்க ஒண்ணாகும்?

பி.எஃப்னு மாசாமாசம் 12 சதவீதம் புடிக்கிறாங்க, உமங் ஆப்ல பாஸ்புக் பாத்தா பல மாசம் கட்டவே இல்ல.

காண்ட்ராக்டர் சம்பளம் குடுக்கலேன்னா வேலை வாங்குற ஆபீஸ்தான் பொறுப்புன்னு சட்டத்துல இருக்குல்ல, இந்த திருப்பி வாங்குறதுக்கும் அது செல்லுமா? ரொக்கத்துக்கு ரசீது இல்ல, எதை ஆதாரமா காட்டுறது? மத்திய அரசு ஆபீஸ்ங்கறதால சென்ட்ரல் லேபர் கமிஷனர்ட்டதான் போகணுமா, டிஜிஆருக்கும் எழுதலாமா? பி.எஃப் ஆபீஸ்ல பேரு வெளிய தெரியாம புகார் குடுக்க வழி இருக்கா? அப்பா வேலை போயிருமோன்னு பயப்படுறாரு, தங்கச்சி காலேஜ் படிக்கிறா. இதே மாதிரி கேஸ் போட்டு ஜெயிச்சவங்க இருந்தா தயவுசெஞ்சு இன்பாக்ஸ்ல வாங்க.