மறு: ‘இன்டர்டிசிப்ளினரி’ கலைஞர் – ‘பல்துறை’ போதுமா?

வணக்கம். நான் மொழிபெயர்க்கும் கட்டுரையில் வரும் ‘இன்டர்டிசிப்ளினரி’க்கு (பல துறைகள் ஒன்றோடொன்று சேர்ந்து இயங்குவது) தமிழ்ச்சொல் கேட்டிருந்தேன். வந்த பதில்களுக்கு ஒவ்வொன்றாக என் மறுமொழி.

> ‘பல்துறைக் கலைஞர்’ என்றே போட்டுவிடலாமே. எல்லோருக்கும் புரியும். புதுச்சொல் எதற்கு?

புரியும் ஐயா, ஆனால் வேறொன்றாகப் புரியும். நம்மிடையே பல்துறைக் கலைஞர் என்றால் பாடுவார், படம் வரைவார், நேரம் கிடைத்தால் மிருதங்கமும் வாசிப்பார். நான் மொழிபெயர்க்கும் கட்டுரை யானிஸ் குனெல்லிஸைப் பற்றியது. 1936இல் கிரேக்கத்தின் பிரேயஸ் துறைமுகத்தில் பிறந்து, 1956இல் ரோமுக்குப் போய், 2017இல் அங்கேயே இறந்தவர். தன்னை ஓவியர் என்றுதான் கடைசிவரை சொல்லிக்கொண்டார். அந்த ஓவியர் 1969இல் ரோமின் லாட்டிகோ கலைக்கூடத்தில் செய்தது என்ன? 12 குதிரைகளைச் சுவரோரம் உயிரோடு கட்டிவைத்தார்.

எனக்குச் சிக்கலைக் கிளப்பியது அவருடைய 1972ஆம் ஆண்டுப் படைப்பு. கித்தானில் (ஓவியர்களின் கான்வாஸ் துணி) ரஷ்ய இசையமைப்பாளர் ஸ்ட்ராவின்ஸ்கியின் இசைக்குறிப்பின் ஒரு துண்டை எழுதியிருக்கிறார். அதன் முன்னால் ஒருவர் அந்தத் துண்டை வயலினில் வாசிக்கிறார், ஒரு பெண் பாலே ஆடுகிறார். குனெல்லிஸ் வாசிக்கவும் இல்லை, ஆடவும் இல்லை. ஆக, அவருக்கு எத்தனை துறை தெரியும் என்பது இங்கே பேச்சே இல்லை. ‘பல்’ எண்ணிக்கையைத்தான் சொல்கிறது. அது ‘மல்ட்டிடிசிப்ளினரி’க்குப் பொருந்தும், அதற்கே இருக்கட்டும்.

> அப்படியானால் ‘துறையிடை’? அல்லது ‘துறைக்கலப்பு’?

‘துறையிடைக் கலைஞர்’ என்று எழுதிப் பார்த்தேன். துறை மாறுதல் கேட்டு மனுக் கொடுத்தவர் மாதிரி இருக்கிறது. ‘கலப்பு’ பரவாயில்லை, ஆனால் பாலில் தண்ணீர் கலந்தால் எது பால், எது தண்ணீர் என்று பிரிக்க முடியாது. இங்கே வயலின் வயலினாகவே இருக்கிறது, கித்தான் கித்தானாகவே இருக்கிறது. அதனால் நான் முன்வைப்பது ‘துறைமயக்கம்’.

சிரிக்க வேண்டாம். இலக்கணத்தில் மயக்கம் என்றால் சேர்ந்து நிற்பது. பள்ளியில் மெய்ம்மயக்கம் படித்திருக்கிறோம். ‘சங்கு’ என்னும்போது ங்-உம் க்-உம் அடுத்தடுத்து நிற்கின்றன, வேற்றுநிலை மெய்ம்மயக்கம். இரண்டும் தம் ஒலியை விடுவதில்லை, ஆனால் சேர்ந்து நின்றால்தான் சொல். தொல்காப்பியமும் திணை மயங்குவதற்குத் தடையில்லை, நிலங்கள் மட்டும் தம்முள் மயங்குவதில்லை என்கிறது. அவரவர் நிலம் அவரவர்க்கு, நிகழ்வது மட்டும் எல்லை தாண்டலாம். மேலே சொன்ன 1972 படைப்பை இதைவிடத் துல்லியமாக என்னால் சொல்ல முடியாது.

> மயக்கம் என்று படித்ததும் வாசகர் சோடாவைத் தேடுவார்.

இந்த மறுப்பை ஏற்கிறேன் அக்கா, பாதி. (12 குதிரை கட்டிய கூடத்தில் மயக்கம் வராவிட்டால்தான் ஆச்சரியம்.) ‘மயக்கம்’ தனியாக வந்தால்தான் ஆபத்து. மெய்ம்மயக்கம், திணைமயக்கம் என்று முன்னால் ஒரு சொல் ஒட்டியதும் யாரும் சோடா தேடுவதில்லை. ஆளைக் குறிக்க மட்டும் ‘துறைமயக்கக் கலைஞர்’ வேண்டாம், அது கொஞ்சம் கேலியாகத்தான் ஒலிக்கிறது. ‘துறை மயங்கும் கலை’ என்று கலைக்கு அடைமொழியாக வைத்துக்கொள்ளலாம்.

‘துறை’யை விடாமல் பிடித்துக்கொள்ள எனக்கு இன்னொரு காரணமும் உண்டு, இது வாதமல்ல, ஆசை. கப்பல் அணையும் இடமும் துறைதானே. குனெல்லிஸ் வாழ்நாள் முழுக்கக் கையில் எடுத்தவை நிலக்கரி, சாக்குப்பை, கயிறு, இரும்பு, காப்பித்தூள்: துறைமுகத்துச் சாமான்கள். 1994இல் பிரேயஸுக்கே திரும்பி, ‘இயோனியன்’ என்ற சரக்குக் கப்பலுக்குள் தன் படைப்புகளைக் காட்சிக்கு வைத்தார். ‘துறை’க்குப் பதில் ‘புலம்’ என்று மாற்றினால் இதெல்லாம் போய்விடும்.

அதே கட்டுரையில் என்னை இடிக்கும் அடுத்த சொல் ‘கல்ச்சுரல் ஹெரிட்டேஜ்’. ‘பாரம்பரியம்’ என்றாலே இப்போது பட்டுப்புடவையும் செக்கு எண்ணெயும்தான் நினைவுக்கு வருகின்றன. இலங்கை நண்பர்கள் எழுதும் ‘மரபுரிமை’ எனக்குப் பிடிக்கும், பொதுவாக அதையே போடுவேன். ஒரே ஓர் இடத்தில்தான் இடிக்கிறது. 1973இல் குனெல்லிஸ் கிரேக்கக் கடவுள் அப்போலோவின் முகமூடியைப் பிடித்துக்கொண்டு ஒரு மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். மேசை மேல் பழங்காலச் சிலையின் உடைந்த பிளாஸ்டர் வார்ப்புத் துண்டுகள், பக்கத்தில் ஒருவர் மொசார்ட்டைப் புல்லாங்குழலில் வாசிக்கிறார். அந்தத் துண்டுகள் அசல் பளிங்குகூட அல்ல, நகல், அதுவும் உடைந்தது. அங்கே உரிமை எதுவும் தெரியவில்லை, மிச்சம்தான் தெரிகிறது. அந்த ஒரு பத்தியில் மட்டும் ‘மரபெச்சம்’ என்று எழுதலாமா? பெயரெச்சம், வினையெச்சம் போல, முடிப்பதற்கு இன்னொரு சொல்லுக்காகக் காத்திருப்பது என்ற பொருளும் அதில் கிடைக்கிறது. ஆனால் அந்தச் சிலைத்துண்டின் மேல் பாடம்பண்ணிய காகம் ஒன்று வேறு உட்கார்ந்திருக்கிறது. காகத்துக்குக் கீழே ‘எச்சம்’ என்று எழுதினால் வாசகர் எதை நினைப்பார் என்று உங்களுக்கே தெரியும்.

வாக்கியத்தில் வைத்துப் பார்த்தது இது: “ஓவியமும் இசையும் ஆட்டமும் துறை மயங்கி நிற்கும் மேடையில், கிரேக்க மரபின் எச்சங்களை அவர் பரப்பி வைக்கிறார்.” பிரித்து எழுதியதும் காகம் அவ்வளவாகத் தொந்தரவு செய்யவில்லை. உங்களுக்கு எப்படிப் படுகிறது? வியாழனுக்குள் கட்டுரையை அனுப்பவேண்டும்.