போட்ஸ்வைனா, போசனா? பழைய கப்பல் சொற்களை வாசிப்பது எப்படி

கேள்வி:
பாய்க்கப்பல் காலத்து ஆங்கில நாவல் ஒன்றை ஒலிநூலுக்காக வாசிக்க வேண்டியிருக்கிறது. போட்ஸ்வைன், கன்வேல், ஃபோர்காசில், விக்சுவல்ஸ் என்று எழுத்துக்கூட்டிப் படித்தால் தவறு என்கிறார்கள். சரியான உச்சரிப்பும் பொருளும் என்ன? ஊகிக்க ஏதாவது விதி உண்டா?

பதில் 1:
போட்ஸ்வைனை 'போசன்' என்று வாசியுங்கள். அழுத்தம் 'போ'வில், 'சன்' பாதி விழுங்கியதுபோல் வர வேண்டும். கயிறு, பாய், நங்கூரம், மேல்தள வேலை எல்லாம் இவர் பொறுப்பு. 'ஸ்வைன்' என்றால் பழைய நார்ஸ் மொழியில் பையன், பணியாள். படகைச் செலுத்தும் காக்ஸ்வைனும் இதேபோல் 'காக்சன்' ஆகிவிடுவார்.

கன்வேல் என்பது 'கனல்'. தீக்கனலின் 'க' அல்ல, 'கங்கை'யின் கடைசி எழுத்தில் வரும் 'க'. தமிழில் குறித்து வைத்துக்கொண்டு வாசிப்பவர்கள் சறுக்கும் இடம் இதுதான். படகின் பக்கவாட்டு மேல்விளிம்பைக் குறிக்கும் சொல் இது.

ஃபோர்காசில் 'ஃபோக்சல்' ஆகும். இடைக்காலக் கப்பல்களின் முன்பக்கத்தில், போர்வீரர்கள் நின்று தாக்கக் கோட்டை மாதிரி ஒரு மேடை இருந்தது. பிற்காலத்தில் மாலுமிகள் படுத்துறங்கும் முன்னறைக்கு அந்தப் பெயர் வந்தது. உங்கள் நாவலில் இந்த இரண்டாவது பொருளும் வரலாம்.

பதில் 2:
முழு விதி கிடையாது, போக்கு ஒன்று உண்டு. கூட்டுச்சொல்லில் அழுத்தம் முதல் அசையில் விழுந்தால் அடுத்த அசை தேயும். அதன் தொடக்கத்தில் உள்ள 'டபிள்யூ' பல சொற்களில் உதிர்ந்துவிடும். ஆன்சர் என்ற சொல்லில் அந்த எழுத்து ஒலிக்காததும் கிரீன்விச் 'கிரெனிச்' ஆனதும் இப்படித்தான். நாம் 'கப்போர்டு' என்பதை ஆங்கிலேயர் 'கபர்ட்' என்பதும் இதே தேய்மானம்தான்.

விக்சுவல்ஸ் கதை வேறு. உணவுப் பொருள் என்று பொருள், உச்சரிப்பு 'விட்டல்ஸ்'. பிரெஞ்சிலிருந்து வந்தபோது அதில் 'சி' இல்லை. லத்தீன் மூலத்தைக் காட்டுவதற்காகப் பிற்பாடு எழுத்தில் சேர்த்தார்கள், நாக்கு மாறவில்லை. கடனைக் குறிக்கும் டெட் என்ற சொல்லின் 'பி'யும் அப்படி வந்ததே.

அகராதியில் இரண்டு குறிகளைப் பாருங்கள். மேலே நிற்கும் சிறு கோட்டுக்கு அடுத்த அசையில் அழுத்தம். ஆங்கில 'ஈ'யைத் தலைகீழாகத் திருப்பிய குறி இருந்தால் அங்கே உயிரொலியைத் தேய்த்துவிடுங்கள்.

கேட்டவர்:
நன்றி. அப்படியானால் விண்ட்வர்ட், லீவர்ட் இரண்டிலும் 'டபிள்யூ' போய்விடுமா?

பதில் 1:
காற்று வரும் பக்கத்தைச் சொல்லும் விண்ட்வர்டில் பொதுவாகப் போகாது. காற்று மறைந்த பக்கத்தைச் சொல்லும் லீவர்டை மட்டும் மாலுமிகள் 'லூ-அர்ட்' என்பார்கள். தீவுகளின் பெயராக வந்தால் 'லீவர்ட்' என்றே சொல்லலாம்.

ஸ்டார்போர்டு வலப்பக்கம், லார்போர்டு இடப்பக்கம்; வாசிக்கும்போது 'ஸ்டார்பர்ட்', 'லார்பர்ட்'. இரண்டும் காதில் ஒன்றுபோல் விழுந்ததால்தான் 1844-இல் பிரிட்டிஷ் கடற்படை லார்போர்டைக் கைவிட்டு 'போர்ட்' என்று மாற்றியது. கட்டளை வரும் வரிகளில் முதல் அசையை நிறுத்தி, தெளிவாகச் சொல்லுங்கள்.