பாக்கெட் மாவு வாங்கினால் அரை அம்மாவா?

காசிமேட்டுக்காரி:
"கடையில் பாக்கெட் மாவு வாங்குகிறவள் அரை அம்மா" என்று நேற்று பெரம்பூர் பெரியவர் நம் வடசென்னைக் குழுவில் எழுதினார். சார், எங்கள் அம்மா விடியற்காலை 3 மணிக்குக் கூடையோடு மீன் ஏலத்துக்குப் போவார். பிள்ளையைப் போட்டுவிட்டுப் போகிறாள் பார் என்றது தெரு. முட்டி வலி வந்து வீட்டில் உட்கார்ந்தார். குந்தித் தின்கிறாள் என்றது அதே தெரு. இதில் மாவு வேறு ஆட்ட வேண்டுமா?

பெரம்பூர் பெரியவர்:
பொதுவாகச் சொன்னேன் அம்மா. அந்தக் காலத்தில் வேலைக்கும் போனார்கள், மாவும் ஆட்டினார்கள். பாக்கெட் மாவு மறுநாளே புளிக்கிறது.

காசிமேட்டுக்காரி:
எதில் ஆட்டினார்கள்? ஆட்டுக்கல்லா, கிரைண்டரா?

பெரம்பூர் பெரியவர்:
கிரைண்டர்தான். அதனால் என்ன?

காசிமேட்டுக்காரி:
சுவிட்சைத் தட்டிவிட்டு டீ குடித்தால் முழு அம்மா, பாக்கெட்டைக் கத்தரித்தால் அரை அம்மா. நல்ல கணக்கு.

வியாசர்பாடி கோல்கீப்பர்:
மகப்பேறு விடுப்புச் சட்டத்தில் 2017 திருத்தத்துக்குப் பிறகு முதல் இரண்டு பிள்ளைகளுக்கு அம்மாவுக்கு 26 வாரம் சம்பளத்தோடு விடுப்பு. அதே சட்டத்தில் அப்பாவுக்கு ஒரு நாள்கூட இல்லை. பிள்ளை யார் பொறுப்பு என்று சட்டமே சொல்கிறது, நீங்கள் மாவிலேயே நிற்கிறீர்கள்.

பெரம்பூர் பெரியவர்:
தம்பி, போன மாதம் கேரம் பேச்சிலும் இப்படித்தான் சட்டம் பேசினீர். தோற்றது யார்?

வியாசர்பாடி கோல்கீப்பர்:
போர்டு கோணல் என்று அன்றைக்கே சொன்னேன்.

காசிமேட்டுக்காரி:
கேரம் அப்புறம். சார், உங்கள் வீட்டில் நேற்று அரிசி ஊறப்போட்டது யார்?

பெரம்பூர் பெரியவர்:
அது குடும்ப விஷயம்.

காசிமேட்டுக்காரி:
எங்கள் வீட்டு மாவு மட்டும் ஊர் விஷயமா? 2023 ஆகஸ்டிலிருந்து எல்லா அரசுத் தொடக்கப் பள்ளியிலும் காலைச் சாப்பாடு போடுகிறார்கள். அங்கே உப்புமா சாப்பிடுகிற பிள்ளைக்கும் அரை அம்மாதானா?

பெரம்பூர் பெரியவர்:
உப்புமாவில் பாக்கெட் மாவு கிடையாதே.

பழைய வண்ணை:
பெரம்பூரெல்லாம் எப்போதிலிருந்து வடசென்னை?

பெரம்பூர் பெரியவர்:
ராயபுரம் ஸ்டேஷன் 1856 என்று எத்தனை நாள் பெருமை பேசுவீர்கள்? 1955-லிருந்து ரயில் பெட்டி செய்வது எங்கள் பக்கம்.

பழைய வண்ணை:
பெட்டி செய்தால் ஆச்சா? தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் கிளம்பியது எங்கிருந்து?

காசிமேட்டுக்காரி:
ரயில் எங்கிருந்தாவது கிளம்பட்டும். சார், அரிசி ஊறப்போட்டது யார்?